மணி பிளாண்டுக்கு எவ்வளவு தண்ணீர்?

மூன்று ஆண்டுகளுக்கு முன்பு, ஒரு செப்டம்பர் மாதக் காலையில், டெல்லியில் நாங்கள் குடியிருக்கும் அடுக்ககத்திற்கு மாநகராட்சியின் கொசு ஒழிப்புப் பணியாளர் ஒருவர் வந்தார். எங்கள் தளத்திலேயே வசிக்கும் கல்லூரி மாணவி ஒருத்தியை டெங்குக் காய்ச்சலுக்காக முந்தைய வாரம் மருத்துவமனையில் சேர்த்திருந்தனர். ஆகவே ஒவ்வொரு வீட்டிலும் தேங்கிய நீர் உள்ளதா என்று பார்த்துக்கொண்டு வந்தார். எங்கள் வீட்டு ஏர் கூலரை ஆகஸ்டிலேயே துடைத்துக் காயவைத்து உறை போட்டிருந்தோம். அதனைச் சற்றுப் பெருமையோடுதான் காட்டினேன். குளிர்பதனப் பெட்டியின் பின்தட்டும் உலர்ந்திருந்தது. பால்கனியில் கவிழ்த்து வைத்த வாளிகளையும் பார்த்துவிட்டு அவர் புறப்பட்டிருப்பார். அப்போது வரவேற்பறைச் சன்னலோரம் இருந்த பச்சைக் கண்ணாடிக் குடுவை அவர் கண்ணில் பட்டது. அதிலிருந்து மணி பிளாண்ட் கொடியொன்று திரைச்சீலைக் கம்பி வரை ஏறியிருந்தது.

அவர் கொடியை மெல்லத் தூக்கிப் பிடித்து, குடுவை நீரை ஒரு வெள்ளைக் கிண்ணத்தில் ஊற்றி, கைவிளக்கை அடித்துக் காட்டினார். நூல் துணுக்குகளைப் போன்ற கொசுப்புழுக்கள் நெளிந்து நெளிந்து மேலும் கீழுமாகப் போய்வந்தன. "ஐயா, கூலரை நினைவாகக் காயவைத்தீர்கள், இதை மறந்துவிட்டீர்களே" என்று இந்தியில் மென்மையாகவே சொன்னார். மறக்கவில்லை. நீர் குறையும்போதெல்லாம் மேலே கொஞ்சம் ஊற்றி நிரப்பிக்கொண்டுதான் இருந்தோம். நீரை மாற்றியதுதான் எப்போது என்று எங்கள் வீட்டில் ஒருவராலும் சொல்ல இயலவில்லை.

அந்தப் பெண் பத்து நாள்களில் நலம் பெற்று வீடு திரும்பினாள். அவளைக் கடித்த கொசு எங்கள் குடுவையிலிருந்து பறந்ததா, வேறெங்கிருந்தோ வந்ததா என்பதை எவரும் சொல்ல முடியாது. சொல்ல முடியாது என்பதனாலேயே அது இன்றளவும் எனக்கு உறுத்தலாக உள்ளது.

இதில் இன்னொரு முரண்பாடும் இருந்தது. அதே ஆண்டு தொட்டி மண்ணில் வைத்திருந்த இரண்டு மணி பிளாண்டுகள் எங்கள் வீட்டில் அழுகி மாண்டுபோயின. அவற்றுக்கு நாள் தவறாமல் காலையில் ஒரு குவளை நீர் ஊற்றி வந்தோம். மண்ணில் இருந்த செடிக்கு ஊற்றியே கொன்றோம், நீரில் இருந்த செடியைத் திரும்பிப் பாராமல் கொசு வளர்த்தோம். 'கவனிப்பே தேவைப்படாத செடி' என்று நர்சரிக்காரர் சொல்லி விற்ற செடியின் கதை இது. அந்தச் சொல்லில் பாதிதான் உண்மை. இச்செடி கேட்பது மிகவும் கொஞ்சம். அந்தக் கொஞ்சம் எங்கே, எப்போது என்பதைத் தெரிந்துகொள்ள எனக்கு மூன்று ஆண்டுகள் ஆயின.

பூக்காத கொடி

வீட்டின் சன்னலிலும், அலுவலக மேசையிலும், வங்கிக் கிளை மேலாளரின் அறையிலும் இன்று இக்கொடியைக் காணலாம். பெயரிலேயே பணம் இருப்பதால் வங்கிக்கு வருவோர் அதனைப் பார்த்துப் புன்னகை செய்வதும் உண்டு. இதன் சொந்த ஊர் இந்தியா அன்று. பசிபிக் பெருங்கடலில், தாஹித்தித் தீவுக்கு அருகிலுள்ள மோரியா என்னும் சிறு தீவே இதன் பிறப்பிடம். நெடுங்காலம் இது சாலமன் தீவுகளைச் சேர்ந்தது என்று கருதப்பட்டு வந்தது.

தாவரவியலாளர்கள் இதற்குப் பெயர் வைப்பதில் பட்ட பாடு சுவையானது. 1880இல் முதன்முதலாக விவரிக்கப்பட்டபோது பொதோஸ் என்னும் பேரினத்தில் சேர்த்தனர். பின்னர் சிண்டாப்சஸ் என்றனர். 1962இல் ஒரு செடி பூத்ததைக் கண்டு ராஃபிடோஃபோரா என்று மாற்றினர். இரண்டே ஆண்டுகளில், 1964இல், எபிப்ரெம்னம் ஆரியம் என்ற இன்றைய பெயருக்கு வந்து சேர்ந்தனர். பூவைப் பார்த்தால்தான் ஒரு செடியின் குலம் கோத்திரம் துலங்கும். இதுவோ பூப்பதே இல்லை. பூப்பதற்குத் தேவையான ஜிப்பரெல்லின் என்னும் வளர்ச்சி ஊக்கியைப் போதிய அளவு உண்டாக்கிக்கொள்ள இயலாத மரபுக் குறையே காரணம் என்று 2016இல் வெளியான ஓர் ஆய்வு காட்டியது. அந்த ஊக்கியை வெளியிலிருந்து தெளித்தபோது செடிகள் பூத்தன.

பூ இல்லையெனில் விதையும் இல்லை. ஆகவே நம் நாட்டில் வீடுதோறும் வளரும் மணி பிளாண்டுகள் அனைத்தும் யாரோ ஒருவருடைய கொடியிலிருந்து நறுக்கிய துண்டுகளின் வழிவந்தவையே. 'மணி பிளாண்டைக் காசு கொடுத்து வாங்கக் கூடாது, பிறர் வீட்டிலிருந்து தெரியாமல் எடுத்து வந்து வைத்தால்தான் தழைக்கும்' என்றொரு நம்பிக்கை வடக்கிலும் தெற்கிலும் வழங்குகிறது. அதற்கு இந்த உண்மையை வைத்தே நான் ஒரு விளக்கம் சொல்லிக்கொள்வேன். அவசரமாக ஒடிக்கப்படுவது பெரும்பாலும் கொடியின் இளம் நுனி. அதில் இரண்டு மூன்று கணுக்கள் இருக்கும், காற்றுவேரும் எட்டிப் பார்க்கும். அப்படிப்பட்ட துண்டு யார் வீட்டில் வைத்தாலும் பிழைக்கும். கேட்டு வாங்கிய துண்டும் அவ்வாறே பிழைக்கிறது என்பதைச் சோதித்துப் பார்த்துவிட்டேன். அடுத்த வீட்டாரிடம் கேட்டுப் பெறுவதே நல்லது.

கணுவில் இருக்கிறது உயிர்

துண்டு எடுக்கும்போது நினைவில் கொள்ள வேண்டியது கணு ஒன்றுதான். இலைக்காம்பு தண்டோடு சேரும் இடத்தில் சிறு புடைப்பு தெரியும். வேரும் தளிரும் அவ்விடத்திலிருந்தே கிளம்பும். கணுவுக்கு ஒரு விரற்கடை கீழே, கூர்மையான, துடைத்த கத்தியால் நறுக்க வேண்டும். தண்டில்லாமல் இலையை மட்டும் காம்போடு கிள்ளி நீரில் வைத்தால் அது பல வாரம் பச்சையாகவே நிற்கும், பார்ப்பவரை ஏமாற்றும், ஆனால் புதுத் தளிர் விடாது.

ஒரு கணுவாவது நீரில் மூழ்கியிருக்க வேண்டும். இலை எதுவும் மூழ்கலாகாது, மூழ்கினால் அழுகி நீரைக் கெடுக்கும். வெப்பமான மாதங்களில் இரண்டு முதல் நான்கு வாரங்களுக்குள் வெள்ளை வேர்கள் தெரியும். அவை இரண்டு மூன்று அங்குலம் நீண்டதும் மண்ணுக்கு மாற்றலாம், அல்லது நீரிலேயே தொடர விடலாம். மண்ணுக்கு மாற்றினால் முதல் இரண்டு வாரங்கள் மண்ணைச் சற்று ஈரமாகவே வைத்திருக்க வேண்டும். நீரில் பழகிய வேர் மண்ணுக்குப் பழக அவ்வளவு காலம் வேண்டும்.

நீரில் வாழும் செடி நீரால் சாவது எப்படி?

என் தொட்டிச் செடிகள் அழுகியபோது எனக்கு எழுந்த கேள்வி இது. ஒரே கொடியின் ஒரு துண்டு, குடுவையில் ஆண்டுக்கணக்காக நீருக்குள்ளேயே நிற்கிறது. இன்னொரு துண்டு, தொட்டியில் நீர் சற்று மிகுந்தாலும் மடிகிறது. அப்படியானால் நீர் நல்லதா கெட்டதா?

வேர்களும் மூச்சு விடுகின்றன என்பதிலிருந்து விடை தொடங்குகிறது. மண் துகள்களுக்கு இடையே உள்ள நுண்ணிய இடைவெளிகளில் காற்று இருக்கும். வேர்கள் அதிலுள்ள ஆக்சிஜனைக் கொண்டு வாழ்கின்றன. நாள்தோறும் நீர் ஊற்றினால் அந்த இடைவெளிகள் நீரால் அடைபடுகின்றன. எஞ்சிய ஆக்சிஜனையும் மண்ணில் வாழும் நுண்ணுயிர்கள் விரைவில் செலவழித்து விடுகின்றன. காற்றில்லாமல் தளர்ந்த வேரை அழுகல் நோய்க் கிருமிகள் எளிதில் பற்றுகின்றன. குடுவையிலோ வேர் பிறப்பதே நீரில்தான். நீரில் கரைந்திருக்கும் ஆக்சிஜனைக் கொண்டு வாழும்படியாக அது உருவாகிறது. அங்கே மக்குவதற்கு மண்ணும் எருவும் இல்லை, அதனால் ஆக்சிஜனுக்குப் போட்டியும் குறைவு. ஆயினும் மாற்றப்படாத நீரில் அந்த ஆக்சிஜனும் குறைந்துகொண்டே வரும். நீர் கலங்கி, வேர் பழுப்பாகி, விரலால் தொட்டால் வழுக்கும். எனவே குடுவை நீரை மாற்றச் சொல்வது கொசுவுக்காக மட்டும் அன்று, வேருக்காகவும்தான்.

தொட்டிச் செடிக்கு எத்தனை நாளுக்கு ஒருமுறை நீர் ஊற்ற வேண்டும் என்று பலரும் கேட்கின்றனர். நாள் கணக்குச் சொல்வது கடினம். இந்தியாவின் அளவு அப்படி. மே மாத டெல்லியில், 'லூ' என்னும் அனல்காற்று வீசும் நாள்களில் தொட்டி மண் நான்கைந்து நாள்களில் உலர்ந்துவிடும். அதே வீட்டில் சனவரியில் மூன்று வாரம் ஆனாலும் உலராது. மும்பையில் பருவமழை பெய்யும் மாதங்களில் காற்றே ஈரமாக இருப்பதால் பத்து நாள்களுக்கு ஒருமுறை ஊற்றினாலே மிகுதி. பெங்களூரின் மிதமான வானிலை இதற்கு மிகவும் ஒத்துவரும். ஆகவே நாட்காட்டியைப் பார்ப்பதை விட்டு, ஆள்காட்டி விரலை மண்ணுக்குள் இரண்டு கணு ஆழம் வரை விட்டுப் பாருங்கள். விரலில் ஈர மண் ஒட்டினால் அன்று ஊற்ற வேண்டாம். உலர்ந்திருந்தால், அடித்துளை வழியே நீர் வெளிவரும் வரை நன்றாக ஊற்றுங்கள். அரை மணி நேரம் கழித்து அடித்தட்டில் தங்கிய நீரைக் கொட்டிவிடுங்கள். தினமும் அரைக் குவளை என்று ஊற்றுவதைக் காட்டிலும், காய்ந்த பின் நிறைய என்பதே வேருக்கு உகந்தது.

ஐயம் எழுந்தால் ஒரு நாள் தள்ளிப் போடுவதில் தவறில்லை. நீர் போதாத மணி பிளாண்ட் இலைகளைத் தொங்கவிட்டு அறிவிக்கும். ஊற்றிய சில மணி நேரத்தில் நிமிர்ந்துவிடும். நீர் மிகுந்த செடி அப்படி முன்கூட்டி அறிவிப்பதில்லை. கீழிலைகள் ஒவ்வொன்றாக மஞ்சளாகும். தண்டின் அடிப்பகுதி கறுத்து மென்மையாகும். மண்ணில் புளித்த நாற்றம் வீசும். மண்ணுக்கு மேலே கடுகளவு கருநிறச் சிறு பூச்சிகள் பறக்கும். குழப்பம் எங்கே வருகிறதென்றால், வேர் அழுகிய செடியும் வாடித்தான் தொங்கும். அதைக் கண்டு தாகம் என்று நினைத்து மேலும் ஊற்றுகிறோம். எங்கள் இரண்டாவது செடி அவ்வாறுதான் போனது. வாடிய செடியைக் கண்டால் முதலில் மண்ணைத் தொட்டுப் பார்க்க வேண்டும் என்று அப்போது எனக்குத் தெரியாது.

அழுகல் தொடங்கிவிட்டால் செடியைத் தொட்டியோடு வைத்துக் காப்பாற்றப் போராடுவதில் பயன் குறைவு. மேலே பச்சையாக உள்ள தண்டை, கறுப்புத் தெரியாத இடம் வரை நறுக்கி, கணுக்களோடு துண்டுகளாக்கி நீரில் வையுங்கள். ஒரு செடி போனாலும் நான்கு செடி கிடைக்கும். அழுகிய மண்ணை மீண்டும் பயன்படுத்த வேண்டாம்.

தொட்டியைப் பற்றியும் ஒரு சொல். அடித்துளை இல்லாத பளபளக்கும் பீங்கான் தொட்டிகள் இப்போது கடைகளில் நிறையக் கிடைக்கின்றன. பரிசாகவும் வருகின்றன. அவற்றை வெளியுறையாக வைத்துக்கொண்டு, துளையுள்ள சாதாரணத் தொட்டியில் செடியை நட்டு உள்ளே இறக்கி வைக்கலாம். மண்கலவை இறுக்கமில்லாமல் இருத்தல் வேண்டும். செம்மண் ஒரு பங்கு, தென்னைநார்க் கழிவு ஒரு பங்கு, மண்புழு உரமும் பருமணலும் சேர்ந்து ஒரு பங்கு என்று நான் கலக்கிறேன். சில நர்சரிகளில் செடி வரும்போதே வேரைச் சுற்றிக் கெட்டியான களிமண் உருண்டை இருக்கும். அதனை அப்படியே புதுத் தொட்டியில் வைத்துவிட்டால், சுற்றிலும் எவ்வளவு நல்ல கலவை இருந்தும் உருண்டைக்குள் நீர் தேங்கி நிற்கும். வாங்கிவந்து ஓரிரு வாரம் கழித்து, உருண்டையை நீரில் ஊறவைத்து மெல்ல உதிர்த்துவிட்டு நடுவது நல்லது.

குடுவையும் கொசுவும்

டெங்குவைப் பரப்பும் ஏடிஸ் எஜிப்டி கொசு சாக்கடையைத் தேடிப் போவதில்லை. வீட்டிலும் வீட்டைச் சுற்றியும் சிறு பாத்திரங்களில் தேங்கும் தெளிந்த நீரே அதற்குப் பிடித்தமானது. பகலில் கடிக்கும் கொசு அது. நீர் மட்டத்துக்குச் சற்று மேலே, குடுவையின் உட்சுவரில் முட்டைகளை ஒட்டிவைக்கும். வெப்பமான நாள்களில் முட்டை பொரிந்து, புழுவாகி, கூட்டுப்புழுவாகி, கொசுவாகப் பறக்க ஏழு முதல் பத்து நாள் வரை போதும். வாரத்திற்கு ஒருமுறை நீரை மாற்றுங்கள் என்று சுகாதாரத் துறையினர் ஓயாமல் சொல்வதன் கணக்கு இதுதான். புழு கொசுவாகும் முன்பே நீர் வெளியே போய்விட வேண்டும்.

அந்தக் கணக்கில் பலரும் தவறவிடும் ஓர் இடம் உண்டு. முட்டைகள் உலர்ந்த நிலையிலும் பல மாதங்கள் உயிரோடிருக்கும். நீர் மீண்டும் அவற்றைத் தொட்டதும் பொரியும். ஆகையால் பழைய நீரைக் கொட்டிப் புது நீர் நிரப்பினால் மட்டும் போதாது. குடுவையின் உட்சுவரை, முக்கியமாக நீர்மட்டக் கோட்டுக்கு மேலே, தேய்த்துக் கழுவ வேண்டும். பால் புட்டி கழுவும் நீண்ட தூரிகை இதற்கு வசதி. கழுத்துக் குறுகிய, தூரிகை நுழையாத மதுப்புட்டிகளும் அலங்காரச் சீசாக்களும் பார்க்க அழகாக இருப்பினும் இதற்கு ஏற்றவையல்ல. எங்கள் பச்சைக் குடுவையும் அத்தகையதுதான். அது இப்போது நீரில்லாமல் அலமாரியில் இருக்கிறது.

கொட்டும் நீரில் புழு இருந்தால் அதனைக் கழிவுநீர்க் குழாயில் ஊற்றாமல், வெயில் படும் உலர்ந்த தரையில் ஊற்றுங்கள். நீரின்றி அவை மடிந்துவிடும். குடுவையின் வாயில் தண்டைச் சுற்றிப் பஞ்சு அடைப்பதும், கொசுவலைத் துணி கட்டுவதும் உதவும். ஆனால் அவை கழுவுவதற்கு ஈடல்ல. தொட்டிகளின் அடித்தட்டையும், 'லக்கி பேம்பூ' வைத்திருந்தால் அதன் கிண்ணத்தையும் இதே நாளில் பாருங்கள். சிலர் குடுவையில் கப்பி மீன் விடுகின்றனர். கப்பி மீன் கொசுப்புழுவைத் தின்பது மெய்தான். எனினும் ஒரு குவளை நீரில் மீனை அடைத்து வைப்பதில் எனக்கு உடன்பாடில்லை. பெரிய மீன்தொட்டி உள்ளவர்கள் கொடியின் வேரை அதில் இறக்கிவிட்டால் செடிக்கும் ஊட்டம், மீன் கழிவில் சேரும் நைட்ரேட்டும் குறையும்.

மழைக்காலத்திற்கு முன்பே, மே 16ஆம் நாள், தேசிய டெங்கு நாள் கடைப்பிடிக்கப்படுகிறது. எங்கள் குடியிருப்பில் அன்று முதல் நவம்பர் முடிய, ஞாயிறு காலை ஒவ்வொரு வீட்டினரும் குடுவைகளைக் கழுவுவது என்று பேசி வைத்துள்ளோம். எல்லாரும் செய்கின்றனரா என்றால், பெரும்பாலோர் செய்கின்றனர். வாரந்தோறும் இதற்கு நேரமில்லை என்பவர்கள் செடியை மண்ணுக்கு மாற்றிவிடலாம், தவறொன்றுமில்லை. நானும் எங்கள் நான்கு குடுவைகளில் மூன்றை அவ்வாறே மாற்றினேன்.

ஒளி, குளிர், உரம்

சன்னலுக்கு அருகே, நேர் வெயில் படாத வெளிச்சம் இதற்குப் போதும். பகலில் விளக்குப் போடாமல் செய்தித்தாள் படிக்க முடிகிற இடம் என்று வைத்துக்கொள்ளுங்கள். காலை இளவெயில் சற்றுப் பட்டால் நன்மையே. நண்பகல் வெயில் இலையில் வெளிறிய தீப்புண்களை உண்டாக்கும். இருண்ட மூலையிலும் சாகாமல் இருக்கும், ஆனால் இலைகளின் பொன்வரிகள் மங்கி முழுப்பச்சையாகும், கணுக்களுக்கு இடையே தூரம் கூடிக் கொடி மெலியும். மார்பிள் குவீன் போன்ற வெண்மை மிகுந்த வகைகளுக்கு வெளிச்சம் இன்னும் கூடுதலாக வேண்டும். வெண்ணிறப் பகுதியில் பச்சையம் இல்லாததால் அவை வளர்வதும் மெதுவே. வாஸ்து சொல்வோர் இதனைத் தென்கிழக்கில் வைக்கச் சொல்கின்றனர். உங்கள் வீட்டுத் தென்கிழக்கில் சன்னல் இருந்தால் காலை வெளிச்சம் நன்றாக வரும், தாராளமாக வையுங்கள். அங்கே சுவரும் அலமாரியும் மட்டுமே இருந்தால் செடி திசையைப் பார்க்காது, சன்னலைத்தான் பார்க்கும்.

வெப்ப மண்டலத் தீவில் பிறந்த செடிக்குக் குளிர் ஆகாது. வெப்பம் 15 டிகிரிக்குக் கீழே இறங்கினால் வளர்ச்சி நின்றுபோகும். 10 டிகிரிக்குக் கீழே இலைகள் கறுத்து நைந்துபோகும். டெல்லி, சண்டிகர், லக்னோ போன்ற நகரங்களில் டிசம்பர், சனவரி இரவுகளில் பால்கனியில் விட்ட செடி ஒரே இரவில் சுருண்டுவிடுவதுண்டு. தெற்கிலிருந்து பணிமாற்றலாகி வடக்கே வரும் குடும்பங்கள் முதல் குளிர்காலத்தில் இதனை அறியாமல் இழக்கின்றனர். தீபாவளி முடிந்ததும் உள்ளே எடுத்துவிடுங்கள். அறைச் சூடேற்றியின் அருகிலும் வைக்க வேண்டாம், குளிர்சாதனக் காற்று நேராக வீசும் இடத்திலும் வேண்டாம்.

உரத்தில் சொல்ல அதிகமில்லை. மார்ச் முதல் செப்டம்பர் வரை இரண்டு மாதத்திற்கு ஒருமுறை ஒரு கைப்பிடி மண்புழு உரம் போதும். குளிர்காலத்தில் எதுவும் வேண்டாம். சர்க்கரை சேர்த்த தேநீரும், பாலும், அரிசி ஊறிய புளித்த நீரும் வீட்டுக்குள் இருக்கும் தொட்டியில் எறும்பையும் பூஞ்சையையும்தான் வளர்க்கும். இலை மினுமினுக்க எண்ணெய் பூசுவோரும் உளர். ஈரத் துணியால் தூசி துடைத்தால் போதும். மாவுப்பூச்சி தெரிந்தால் ஸ்பிரிட் தோய்த்த பஞ்சால் ஒற்றி எடுங்கள். பரவியிருந்தால் ஒரு லிட்டர் நீரில் ஐந்து மில்லி வேப்பெண்ணெயும் சில துளி சோப்புக் கரைசலும் கலந்து வாரம் ஒருமுறை தெளியுங்கள்.

கொடியை ஏறவிடுவதா, தொங்கவிடுவதா என்பது உங்கள் விருப்பம். ஆனால் இரண்டும் ஒன்றல்ல. மும்பையிலும் கொச்சியிலும் பூங்கா மரங்களில் ஏறிய பெரும் இலைக் கொடியைப் பார்த்திருப்பீர்கள். வாழையிலையை நினைவூட்டும் அகலத்தில், ஓரம் கிழிந்தாற்போல் இருக்கும். அதுவும் நம் சன்னலில் இருக்கும் அதே மணி பிளாண்ட்தான். பற்றி ஏறும்போது இலை பெரிதாகிக்கொண்டே போகும், ஒரு மீட்டர் நீளம் வரைகூட. தொங்கும்போது புதிய இலைகள் சிறுத்துக்கொண்டே வரும். தொட்டியில் ஒரு பாசிக் கம்பு நட்டு, அதனை அவ்வப்போது ஈரமாக்கி வந்தால் காற்றுவேர்கள் பற்றி, ஆறேழு மாதத்தில் வேறுபாடு தெரியும். இந்த ஏறும் வேகத்தினாலேயே இலங்கையிலும் ஹவாயிலும் இது காடுகளில் புகுந்து பிற செடிகளை மூடிப் பரவியிருக்கிறது. நறுக்கி எறியும் ஒவ்வொரு கணுவும் வேர் விடக் கூடியது. மலைப்பகுதிகளில், காட்டை ஒட்டி வசிப்போர் வெட்டிய துண்டுகளை வேலிக்கு அப்பால் வீசாமல், நன்றாகக் காயவைத்த பிறகு குப்பையில் சேர்க்க வேண்டும்.

வாயில் வைக்கக் கூடாதது

இது சேம்பு, கருணைக்கிழங்கு ஆகியவற்றின் குடும்பத்தைச் சேர்ந்தது. கருணையைப் புளி சேர்க்காமல் சமைத்தால் தொண்டை அரிப்பதற்குக் காரணமான கால்சியம் ஆக்சலேட் ஊசிப் படிகங்கள் இதன் இலையிலும் தண்டிலும் உள்ளன. தவழும் குழந்தை இலையைக் கடித்துவிட்டால் வாய் எரிந்து, எச்சில் வடித்து அழும். துணுக்குகளை எடுத்துவிட்டு, ஈரத்துணியால் வாயைத் துடைத்து, குளிர்ந்த நீர் கொடுங்கள். உதடோ நாக்கோ வீங்கினாலும், விழுங்கவோ மூச்சு விடவோ சிரமப்பட்டாலும் உடனே மருத்துவரிடம் செல்லுங்கள். பூனைக்கும் நாய்க்கும் இதே துன்பம் நேரும். தரை வரை தொங்கும் கொடி அவற்றுக்கு விளையாட்டுக் கயிறாகத் தெரியும். உயரத்தில் வைத்து, தொங்குவதை நறுக்கிவிடுவதே வழி. நறுக்கும்போது சாறு பட்டால் சிலருக்குத் தோல் அரிக்கும், கையைக் கழுவிக்கொள்ளுங்கள்.

காற்றைத் தூய்மையாக்கும் செடி என்று சொல்லி விற்கின்றனரே என்று கேட்பீர்கள். 1989இல் அமெரிக்க விண்வெளி அமைப்பான நாசா வெளியிட்ட ஆய்வு ஒன்றே இதன் மூலம். அச்சோதனைகள் காற்றுப் புகாத சிறு கூண்டுகளுக்குள் செய்யப்பட்டவை. நம் வீட்டில் கதவும் சன்னலும் உள்ளன. காற்று தானே மாறிக்கொண்டிருக்கிறது. பல ஆண்டு ஆய்வுகளைத் தொகுத்து 2019இல் வெளியான ஒரு கட்டுரை, வீட்டில் இயல்பாக நிகழும் காற்றோட்டத்திற்கு ஈடாக வேண்டுமெனில் ஒரு சதுர மீட்டர் தரைக்குப் பத்து முதல் ஆயிரம் செடிகள் வரை தேவைப்படும் என்று கணக்கிட்டது. நவம்பர் மாதத்து டெல்லிப் புகைக்கு மணி பிளாண்ட் மருந்தாகாது. சுவாசத் தொல்லை உள்ளவர்கள் அதை நம்பி மருந்தையோ முகக்கவசத்தையோ விட்டுவிட வேண்டாம். காலையில் எழுந்ததும் கண்ணில் படும் ஒரு பச்சைக்காகவே நான் வளர்க்கிறேன்.

கடந்த கோடையில் ஊருக்குப் போய் ஒரு மாதம் தங்க நேர்ந்தது. முன்பெல்லாம் அடுத்த வீட்டு அம்மாவிடம் சாவி கொடுத்து, "தினமும் கொஞ்சம் தண்ணீர் விடுங்கள்" என்று கேட்டுக்கொண்டு போவோம். இம்முறை புறப்படும் முன்நாள் தொட்டிகளுக்கு நன்றாக நீர் ஊற்றி, வடிந்த பின் சன்னலிலிருந்து இரண்டடி உள்ளே தள்ளி வைத்தேன். மிச்சமிருந்த ஒரே குடுவையின் நீரைக் கொட்டிக் கழுவிக் கவிழ்த்துவிட்டு, அதிலிருந்த கொடியை ஈர மண்ணில் ஊன்றினேன். சாவியை வாங்க வந்த அந்த அம்மாவிடம், பத்து நாளுக்கு ஒருமுறை வந்து மண்ணில் விரலை வைத்துப் பாருங்கள், ஈரம் இருந்தால் ஒன்றும் செய்யாமல் கதவைப் பூட்டிவிட்டுப் போய்விடுங்கள் என்றேன். அவருக்கு அது அவ்வளவாகப் பிடிக்கவில்லை. திரும்பி வந்தபோது இரண்டு இலைகள் மஞ்சளாகியிருந்தன. கொடி நுனியில் மூன்று புதுத் தளிர்கள் சுருள் பிரியாமல் நின்றன. "மூன்று தடவை வந்தேன், ஒரே ஒரு தடவைதான் ஊற்றினேன்" என்று சாவியைத் திருப்பித் தரும்போது அவர் சொன்னார், ஏதோ கடமை தவறிவிட்டதைப் போன்ற குரலில்.